கடைசி டியூ

வேலுமணி தன் வீட்டு ஹாலில் மின்விசிறியைப் போடப் போய் வாசல் விளக்கைப் போட்டான். அதை அணைத்துவிட்டு அடுத்ததைத் தட்டினால் டி.வி.க்குப் பின்னால் ஏதோ நீல விளக்கு எரிந்தது. பதினைந்து வருடமாக மாதம் தவறாமல் இந்த வீட்டுக்குப் பணம் கட்டிய மனுசனுக்கு எந்தச் சுவிட்ச் எதற்கு என்று தெரியவில்லை. அவனைக் குறை சொல்லவும் முடியாது. ரிக் வண்டியில் டிரில்லர் வேலை. திருச்செங்கோட்டில் இருந்து கிளம்புகிற போர்வெல் வண்டியோடு போனால் சத்தீஸ்கர், ராஜஸ்தான் என்று காடுகாடாகப் பூமியைத் துளைத்துவிட்டு, அங்கே மழை பிடித்து வண்டி சேற்றில் ஓடாது என்றான பிறகுதான் ஊர்ப்பக்கம் முகம் காட்டுவான். வந்தால் இரண்டு மாதம், சில வருடம் அதுவும் இல்லை. விருந்தாளிக்குச் சுவிட்ச் எப்படித் தெரியும்? மலர்விழி சமையலறையிலிருந்து ஈரக் கையோடு வந்து சரியானதைத் தட்டிவிட்டாள்.

"பரபரன்னு இருக்காதீங்க. பேங்கு பத்து மணிக்குத்தான் தொறப்பாங்க" என்றாள் சிரித்துக்கொண்டே.

அவள் இப்படிச் சிரித்து அவன் பார்த்தது குறைவு. வந்த நாளாக அவனுக்குத்தான் இருப்புக் கொள்ளவில்லை. காதுக்குள் கம்ப்ரஸர் ஓடிக்கொண்டே இருந்தால்தான் உடம்பு ஓய்கிறது. இங்கே அத்தனையும் அமைதியாக இருந்து அவனைப் படுத்தியது. நடந்து நடந்து மாடிக்குப் போனான், கீழே வந்தான், கேட்டைத் திறந்து சாத்தினான். வாசலில் வேப்பங்கன்றில் கட்டியிருந்த கிடா ஒவ்வொரு தடவையும் தலையைத் தூக்கி அவனைப் பார்த்தது.

அந்தக் கிடாவைப் பற்றிச் சொல்லிவிட வேண்டும். லாரியும் ரிக்கும் ஓடுகிற இந்தச் சீமையில் ஒரு பழக்கம் உண்டு. கடனில் வண்டி எடுத்தால் பைனான்ஸ்காரன் பெயரை வண்டியிலேயே எழுதிவிடுவார்கள். இத்தனை டியூ என்பது முதல் நாளே முடிவாகிவிடும். கடைசி டியூ கட்டியதும் பெயிண்டரைக் கூப்பிட்டு அந்தப் பெயரை அழித்துவிட்டு, கருப்பணார் கோயிலில் கிடா வெட்டிச் சொந்தபந்தத்துக்குச் சோறு போடுவார்கள். வேலுமணியின் அப்பா லாரிக்கு அப்படிச் செய்தார். அவன் முதலாளி பாலசுந்தரம் ரிக்குக்கு அப்படிச் செய்தார். கடன் என்றால் வேலுமணிக்குத் தெரிந்தது அது ஒன்றுதான். வீட்டுக்குப் பன்னிரண்டு லட்சம் வாங்கினான். மாதம் பதினோராயிரத்து எண்ணூற்றுச் சொச்சம், பதினைந்து வருடம். வீட்டுக் கதவில் யாரும் பேங்க் பெயரை எழுதவில்லை என்பதைத் தவிர வேறு வித்தியாசம் இருப்பதாக அவன் நினைக்கவே இல்லை.

இந்த மாதம் கடைசி டியூ போயாகிவிட்டது. ஞாயிற்றுக்கிழமை கிடா வெட்டு. புரட்டாசி பிறந்துவிட்டால் கறி ஆகாது என்று அவசரமாக நாள் குறித்து, அக்கா குடும்பத்திலிருந்து பங்காளி வரைக்கும் போன் போட்டுச் சொல்லியாயிற்று. அதைவிடப் பெரிய காரியம் ஒன்றையும் செய்திருந்தான். பாலசுந்தரத்திடம், "இனி வண்டிக்கு வாரதில்லீங்கண்ணா, வேற ஆளுப் பாத்துக்கங்க" என்று சொல்லிவிட்டான். கல்யாணமான புதிதில் மலர்விழிக்குக் கொடுத்த வாக்கு அது. கடைசி டியூ அன்றைக்கு வண்டியை விட்டு இறங்கிவிடுவேன் என்று. பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் மோட்டார் ரிப்பேர் கடை வைக்க ஓர் அறை பார்த்து அட்வான்ஸும் கொடுத்திருந்தான். டியூ இல்லாவிட்டால் கடை வருமானம் மூன்று பேருக்குப் போதும். மலர்விழி அவனுடைய கிரீஸ் படிந்த ரிக் சட்டைகளை எடுத்து, "இனி எதுக்குங்க இந்தக் கருமம்" என்று கிடாவுக்கு அடியில் விரித்துவிட்டாள். மழை ஈரத்துக்கு அதுவும் சுகமாகத்தான் படுத்துக்கொண்டது.

பேங்கில் லோன் பார்க்கும் பெண்ணின் பெயர் சௌமியா. சின்னப் பெண், மகள் கனிஷ்காவை விடப் பத்து வயது கூட இருக்கலாம். பத்திரம் வாங்க வந்திருப்பதாக வேலுமணி சொன்னதும் கம்ப்யூட்டரில் எதையோ தட்டினாள். தட்டிவிட்டு மறுபடியும் தட்டினாள். அவள் முகம் போன போக்கைப் பார்த்து மலர்விழி மடியில் இருந்த மஞ்சப்பையை இறுக்கிப் பிடித்தாள். பத்திரத்தை வைத்துக் கொண்டுபோவதற்காகக் கொண்டுவந்த பை.

"சார், லோன் இன்னும் முடியலீங்களே."

"கடைசி டியூ அஞ்சாந்தேதியே எடுத்துட்டீங்க மேடம். பதினஞ்சு வருசம் ஆச்சுங்க."

"பதினஞ்சு வருசம் ஆச்சுதான். ஆனா இன்னும் ஒம்பது வருசத்துக்கு மேல இருக்குதுங்க சார். எட்டு லட்சத்து முப்பதாயிரம் பாக்கி."

வேலுமணி முதலில் சிரித்தான். வேறு யாருடைய கணக்கையோ பார்க்கிறாள் என்று நினைத்தான். அவள் திரையை அவன் பக்கம் திருப்பினாள். அவன் பெயர், அப்பா பெயர், வீட்டு நம்பர், எல்லாம் அவனுடையதுதான். அந்தப் பெண் பொறுமைசாலி, கோபப்படாமல் சொன்னாள். ஆரம்பத்தில் எட்டரை வட்டி. ஒரு வருடத்தில் பதினொன்றாக ஏறிவிட்டது. ஏறுகிற வட்டியில் மாதத் தொகையை ஏற்றினால் ஜனங்கள் தடுமாறுவார்கள் என்று தொகையை அப்படியே விட்டுவிட்டு வருடத்தை நீட்டிவிடுவார்கள். மெசேஜ் வந்திருக்கும். நடுவில் வட்டி இறங்கியபோது, எழுதிக் கொடுத்துச் சின்னக் கட்டணம் கட்டியவர்களுக்கெல்லாம் குறைந்திருக்கிறது.

"நீங்க வரவே இல்லீங்களே சார்."

எங்கே வருவது? வட்டி இறங்கிய அன்று அவன் எந்த ஊர்க் காட்டில், எத்தனையாவது ராடு இறக்கிக்கொண்டிருந்தானோ. வருடா வருடம் போனில் கேட்பான், டியூ ஏறியிருக்கா என்று. இல்லீங்க, அதேதான் என்பாள் மலர்விழி. அப்புறமென்ன, விடு என்பான். தொகை ஏறவில்லை என்றால் ஒன்றும் ஆகவில்லை என்றுதான் அர்த்தம், அவனுக்குத் தெரிந்த கடனில்.

"அப்ப நாங் கட்டுனது எங்கீங்க போச்சு? இருவத்தோரு லட்சத்துக்கு மேல கட்டியிருக்கறனுங்க."

"அசலுக்கு மூணு லட்சத்து எழுவதாயிரம் போயிருக்குதுங்க சார். மீதி வட்டி." சௌமியா குரலைத் தாழ்த்திக்கொண்டாள். "இப்ப எழுதிக் குடுங்க, வட்டியக் கொறச்சுக்கலாம். எட்டு வருசமாயிரும். மாசம் இருவதாயிரமாக் கட்டுனா நாலு வருசத்துல முடிச்சரலாம். இப்படியே உட்டீங்கன்னா மொத்தமா முப்பத்தி நாலு லட்சம் ஆயிருமுங்க."

மண் இளகிய நிலத்தில் போர் போட்டால் இப்படி ஆகும். பகலெல்லாம் ஓட்டி நானூறு அடி என்று எழுதி வைப்பார்கள். காலையில் ராடு விட்டுப் பார்த்தால் மேல்மண் சரிந்து பாதிக் குழி தூர்ந்து கிடக்கும். ஓட்டியதற்கு டீசல் செலவாகியிருக்கும், குழி மட்டும் இருக்காது. போர் போடச் சொன்ன அந்தக் காட்டுக்காரர்களின் முகத்தை அவன் எத்தனையோ பார்த்திருக்கிறான். தன் முகமும் இப்போது அப்படித்தான் இருக்கும் என்று தோன்றியது.

வெறும் மஞ்சப்பையோடு பைக்கில் திரும்பினார்கள். பரமத்தி ரோடு பிரிகிற இடத்தில் மலர்விழி, "சித்த நிறுத்துங்க" என்றாள். ஒரு பேக்கரி முன்னால் நிறுத்தினான். டீ வந்தது. அவள் குடிக்காமல் கிளாசைப் பார்த்துக்கொண்டே இருந்தாள்.

"நாந்தானுங்க ஒவ்வொரு வருசமும் ஒண்ணும் ஏறலைன்னு சொன்னேன்."

"நீ என்ன பண்ணுவ. நாங் கேட்டதே தப்பு."

அவளுக்கு ஆறுதலாகச் சொன்னதுதான். யார் மேலாவது ஆத்திரப்பட்டால் தேவலை என்று இருந்தது. ஆத்திரப்பட ஆளே இல்லை. அந்தச் சின்னப் பெண்ணைத் திட்ட முடியுமா? அதற்குள் போன் அடித்தது. பாலசுந்தரம்.

"ஏப்பா வேலுமணி, புதுசா வந்தவனுக்குக் கை சரியில்ல. புதங்கிழம வண்டி கெளம்புது. ஒரு நட வந்துரேன். மாசம் எட்டாயிரம் எச்சாத் தாரேன். பொழுதுக்குள்ள சொல்லிப்போடு."

"சொல்றனுங்கண்ணா" என்று வைத்தான். எட்டாயிரம் கூட. கட்டுகிற பதினோராயிரத்தோடு அதையும் சேர்த்தால் ஏறக்குறைய இருபதாயிரம். மனசு தானாகவே கணக்குப் போட்டுவிட்டது, வெட்கமே இல்லாமல்.

தண்ணீர் வராத போரின் வாயில் நின்றுகொண்டு, "இன்னொரு நூறடி ஓட்டிப் பாக்கலாங்க" என்று அவன் காட்டுக்காரர்களிடம் சொல்லியிருக்கிறான். ஆழம் போகப் போக அடிக்கு ரேட்டு ஏறும். அது அவர்களுக்கும் தெரியும். தெரிந்தும், இவ்வளவு ஓட்டியாச்சே, இதோடு விடுவதா என்று தலையாட்டுவார்கள். தலையாட்டாமல் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு போனவர்கள் ரொம்பக் கொஞ்சம். அவர்களைப் பைத்தியம் என்று வண்டியில் எல்லோரும் சிரிப்பார்கள். அவனும் சிரித்திருக்கிறான்.

"நாலே வருசம், மலரு. அண்ணன் எச்சாத் தாரேங்கறாரு. முடிச்சுட்டு வந்தர்றேன்."

மலர்விழி டீக்கிளாசைக் கீழே வைத்தாள்.

"அன்னிக்குப் பதினஞ்சுன்னீங்க" என்றாள்.

அவ்வளவுதான் சொன்னாள். வேலுமணி பில்லுக்குப் பணத்தைக் கொடுத்துவிட்டு வண்டியை எடுத்தான். சில்லறை வாங்க மறந்து, கடைக்காரன் கூப்பிட்டுக் கொடுக்க வேண்டியிருந்தது.

வீட்டுக்கு வந்ததும் அக்கா போன் பண்ணினாள், ஞாயிற்றுக்கிழமை எத்தனை மணிக்கு வர வேண்டும் என்று. மலர்விழி அப்புறம் சொல்வதாகச் சொல்லி வைத்தாள். அவன் மாடிக்குப் போனான். அங்கிருந்து பார்த்தால் திருச்செங்கோட்டு மலை தெரியும். கட்டும்போது அதற்காகவே ஓர் ஓரமாகச் சிமென்ட் மேடை வைக்கச் சொன்னவன் அவன்தான். அதில் உட்கார்ந்து எத்தனை தடவை மலையைப் பார்த்திருக்கிறான் என்று யோசித்தான். மேடையில் மலர்விழி வடகம் காயப் போட்டிருந்தாள். உட்கார இடமில்லாமல் கீழே இறங்கி வந்தான்.

நாலரை மணிக்குக் கனிஷ்கா பள்ளிக்கூடம் விட்டு வந்தாள். பிளஸ் ஒன். வீடு கட்டிய வருடம் பிறந்தவள். சின்ன வயதில் அவன் வந்தால் கதவுக்குப் பின்னால் ஒளிந்துகொள்வாள். இப்போது ஒளிவதில்லை, மரியாதையாகச் சாப்பிட்டாச்சா என்று கேட்கிறாள். அம்மா விவரத்தைச் சொன்னதும் கனிஷ்கா கிடாவிடம் ஓடிப்போய் அதன் கழுத்தைக் கட்டிக்கொண்டாள்.

"அப்ப இத வெட்ட மாட்டீங்கதானுங்கப்பா? லோன் முடிஞ்சாத்தான வெட்டோணும்?"

"அப்படித்தான் வேண்டுனது, சாமி."

"அப்ப இன்னும் ஒம்பது வருசத்துக்கு இது எனக்கு." அவளுக்கு நிஜமாகவே சந்தோசம். மலர்விழிகூட அழுகைக்கு நடுவில் சிரித்துவிட்டாள். கிடா ஒன்றும் புரியாமல் கனிஷ்காவின் சடை நுனியைக் கடித்துப் பார்த்தது. அதைப் பிடுங்கிக்கொண்டே அவள் கேட்டாள்.

"நீங்க எப்பங்கப்பா கெளம்பறீங்க?"

போகப் போகிறேன் என்று அவன் இன்னும் சொல்லவில்லை. வீட்டில் யாரும் சொல்லவில்லை. அவள் முகத்தில் வருத்தமோ குத்தலோ எதுவுமே இல்லை. மத்தியானம் வந்த சொந்தக்காரரிடம் எத்தனை மணி பஸ்ஸுக்குப் போகிறீர்கள் என்று கேட்பது போலத்தான் கேட்டாள். பதிலுக்கு நிற்காமல் டியூஷனுக்குக் கிளம்பிவிட்டாள். சைக்கிள் கேட்டைத் தாண்டிப் போகும்வரை வேலுமணி நின்ற இடத்திலேயே நின்றான். பூமிக்குள் ஆயிரம் அடி வரை இறங்கிப் பார்த்தவன். இந்த ஒரு கேள்வியின் ஆழத்தில் அவனுக்குக் கால் தட்டவில்லை.

பொழுது சாய்ந்தது. போன் மறுபடியும் அடித்தது, பாலசுந்தரம்தான். அவன் எடுக்கவில்லை. ஹாலுக்குப் போய்ப் பரணில் இருந்து பழைய பையை இறக்கினான். மலர்விழி அதைத் துவைத்து மடித்து வைத்திருந்தாள். உள்ளே ஒன்றும் இல்லை. பையை அங்கேயே வைத்துவிட்டுச் சுவரைப் பார்த்தான். வாசல் விளக்கின் சுவிட்ச் எது என்று இன்று காலையில் கற்றுக்கொண்டிருந்தான். ஒரே தட்டில் எரிந்தது.

கிடா ரிக் சட்டைகளின் மேல் கால்களை மடக்கிப் படுத்துக்கொண்டு அசை போட்டது. அதன் வயிற்றுக்கு அடியிலிருந்து ஒரு சட்டையின் கை மட்டும் வெளியே நீண்டிருந்தது. வேலுமணி வாசலுக்கு இறங்கிக் குந்தி உட்கார்ந்து அதைப் பிடித்தான். மெதுவாக ஒரு முறை இழுத்தான். கிடா எழவில்லை. மலர்விழி முந்தானையில் கையைத் துடைத்தபடி நிலைப்படியில் வந்து நின்றாள். கூப்பிடவும் இல்லை, உள்ளே போகவும் இல்லை. அவன் பாக்கெட்டுக்குள் போன் அடித்துக்கொண்டே இருந்தது. சட்டைக் கையை அவன் இன்னும் இழுக்கவும் இல்லை, விடவும் இல்லை.