முட்டியில் பட்ட கோல்

1938 ஆகஸ்ட் 14, ஞாயிற்றுக்கிழமை மாலை, மதுரை கோரிப்பாளையத்துக்குக் கிழக்கே உள்ள பொட்டலில் கோரிப்பாளையம் அணிக்கும் சமயநல்லூர் அணிக்கும் கால்பந்து இறுதியாட்டம் நடந்தது. நடுவர் முகைதீன் பிச்சை.

பிச்சைக்கு வயது முப்பத்து நான்கு. கோரிப்பாளையத்தில் வாடகை சைக்கிள் கடை வைத்திருந்தார். வலது முட்டி கெட்டுப்போகும்வரை இதே கோரிப்பாளையம் அணிக்கு முன்வரிசையில் நின்று கோல் அடித்தவர். ஆட்டம் பழகியது வைகை மணலில். ஆற்றில் தண்ணீர் இல்லாத மாதங்களில் வடகரைப் பையன்களுக்கு அதுதான் மைதானம். மணலில் பந்து உருளாது, விழுந்த இடத்தில் கிடந்துவிடும். அதனால் அங்கே பழகியவர்கள் பந்தைத் துரத்த மாட்டார்கள். எங்கே விழும் என்று பார்த்து, அது வருமுன்னே அங்கே போய் நிற்பார்கள். பிச்சை அதில் கெட்டிக்காரர்.

முட்டி போனபின் மைதானத்துக்குள் இருக்க அவருக்கு மிச்சமிருந்த வழி விசில்தான். மூன்று வருஷம் எல்லைக்கோட்டில் கொடி பிடித்து ஓடினார். சட்டம் முழுவதையும் ஒரு வாத்தியாரிடம் கேட்டு மனப்பாடம் செய்தார். பெரிய ஆட்டம் கேட்டபோதெல்லாம், "நீங்க கோரிப்பாளையத்து ஆளு, யாரு ஒத்துக்குவா?" என்று தட்டிக் கழித்தார்கள். இந்த இறுதியாட்டம்கூட, திண்டுக்கல்லிலிருந்து வரவேண்டிய நடுவர் காய்ச்சலில் படுத்துவிட்டதால் கிடைத்தது.

"புகார் மட்டும் வரக் கூடாது பாய்," என்றார் போட்டிக் குழுச் செயலாளர் தவசி. "சமயநல்லூர்க்காரங்க அரை மனசாத்தான் ஒத்துக்கிட்டாங்க. இத ஒழுங்கா முடிச்சுக் குடுத்தா அடுத்த வருசம் பூராவும் நீங்கதான் ரெஃபரி. புகார் வந்துச்சுன்னா என்னால ஒண்ணும் பண்ண முடியாது."

"வராதுண்ணே."

கோரிப்பாளையத்தின் முன்வரிசையில் ஆடியவன் நாகூர் கனி, பிச்சையின் அக்காள் மகன். முதல் பாதியிலேயே அவன் ஒரு கோல் போட்டான். பிச்சை ஆப்சைடு என்று விசில் ஊதினார்.

"மாமு, நான் எங்க முன்னாடி நின்னேன்?"

"மைதானத்துல மாமு கீமுன்னு கூப்புட்டே, வெளிய அனுப்பிருவேன்."

கோரிப்பாளையத்துக் கூட்டம் எழுந்துவிட்டது. "ஏய் பிச்ச! சமயநல்லூர்ல எதுவும் சம்பந்தம் பண்றியா?"

"அவன விடுங்கப்பா. காலையில இருந்து சைக்கிளுக்குக் காத்தடிச்ச ஆளு, இங்கயும் ஊதிக்கிட்டுத் திரியுறான்."

சமயநல்லூர்ப் பக்கத்திலாவது நல்ல பேச்சு வந்ததா என்றால் அதுவும் இல்லை. "மாமனும் மருமகனும் எம்புட்டு நல்லா நடிக்கிறாங்க பாரு மாப்ள!" என்று ஒருவன் கத்தினான். கோலைக் கொடுத்திருந்தாலும் திட்டு, மறுத்தாலும் திட்டு.

இரண்டாம் பாதி முடியும் நேரம்வரை யாரும் கோல் போடவில்லை. அப்போது கனி இடது ஓரத்திலிருந்து பந்தை ஓங்கி உதைத்தான். தவறான உதை. உயரப் போய், மேல்காற்றில் தளர்ந்து, கோலைவிட்டு விலகிக் கீழே இறங்கியது. விட்டிருந்தால் வெளியே போயிருக்கும். ஆனால் அது விழும் இடம் பிச்சைக்குத் தெரிந்துவிட்டது. கால்கள் அவரைக் கேட்காமலே ஓடிப்போய் அங்கே நின்றன. நடுவர் நிற்கக் கூடாத இடம். பந்து வலது முட்டியில் பட்டுத் திரும்பி, இரண்டு மூங்கில் கம்பங்களுக்கும் நடுவே போய், பின்னால் நின்ற மாட்டு வண்டியின் சக்கரத்தில் மோதியது.

எல்லாரும் ஒரே நேரத்தில் கத்தினார்கள்.

சமயநல்லூர்த் தலைவன் விருமாண்டி நேரே வந்து நின்றான். "பாய், இந்தக் கோல யாரு அடிச்சது? நீங்களே சொல்லுங்க. நாங்க பதினோரு பேரு, அவங்க பன்னெண்டு பேரா?"

தவசி வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு ஓடிவந்து பிச்சையைத் தனியே இழுத்தார். "கோல் இல்லன்னு சொல்லிருங்க. பந்தத் தூக்கிப் போட்டு மறுபடி ஆட விடுங்க. ஒருத்தனும் கேக்க மாட்டான்."

"எம்மேல பட்டாலும் பந்து ஆட்டத்துலதாண்ணே இருக்கு. அந்தக் கம்பத்துல பட்டு உள்ள போனா என்ன பண்ணுவோம்? அதே கணக்குத்தான். கோலு கோலுதான்."

"அந்தச் சட்டம் இங்க எவனுக்குத் தெரியும்?"

"எனக்குத் தெரியுமே."

"உங்க நல்லதுக்குச் சொல்றேன் பாய். இல்லைன்னு ஒரு வார்த்த. அடுத்த வருசம் பூரா விசில் உங்க கையில."

பிச்சை தன் முட்டியை ஓங்கி ஒரு குத்துக் குத்தினார். "அங்க போயி நின்னேன் பாருங்க, அது என் தப்பு. அந்தத் தப்ப மறைக்க இன்னொரு தப்பு பண்ணச் சொல்லாதீங்க."

விசிலை ஊதி, கோல் என்று மைதானத்தின் நடுவைக் காட்டினார்.

ஆட்டம் மறுபடி தொடங்கியிருந்தால் ஒருவேளை சமாளித்திருக்கலாம். ஆனால் கோரிப்பாளையத்துக் கூட்டம் மைதானத்தைச் சுற்றிக் கட்டியிருந்த கயிற்றை அறுத்துக்கொண்டு உள்ளே புகுந்தது. முதல் பாதியில் அவரைத் திட்டியவர்களே அவரைத் தோளில் தூக்கினார்கள்.

"பிச்சை கோலு! பழைய காலு இன்னும் சாகலடா!"

"எறக்கி விடுங்கடா! நான் ரெஃபரிடா! டேய், ரெஃபரிடா நான்!"

யார் காதிலும் விழவில்லை. ஒருவன் அவருடைய விசிலைப் பிடுங்கி ஊதிக்கொண்டே முன்னால் ஆடிப்போனான்.

"ரெஃபரியத் தூக்கிக்கிட்டு ஆடுற ஊர இன்னைக்குத்தாய்யா பாக்குறேன்," என்றான் விருமாண்டி. சமயநல்லூர் ஆட்கள் மைதானத்தைவிட்டு வெளியேறினார்கள்.

அவர்களுடைய புகார் செவ்வாய்க்கிழமை குழுவின்முன் வந்தது. பிச்சை சட்டத்தைச் சொன்னார். யாரும் மறுக்கவில்லை.

"அதெல்லாம் சரி பாய்," என்றார் ஒரு உறுப்பினர். "நீங்க பொதுவான ஆளுன்னா, உங்கள எதுக்கு அவங்க தூக்கணும்?"

"அத அவங்ககிட்டக் கேளுங்கய்யா. நான் எறக்கி விடுங்கடான்னு கத்துனேன்."

"நாங்க பாத்தது நீங்க தோள் மேல இருந்ததத்தான்."

பிச்சை தவசியைப் பார்த்தார். தவசி சன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டிருந்தார்.

ஆட்டம் ரத்து செய்யப்பட்டது. அடுத்த ஞாயிற்றுக்கிழமை திண்டுக்கல் நடுவரை வைத்து மறு ஆட்டம் நடந்தது. சமயநல்லூர் இரண்டுக்கு ஒன்று என்று வென்றது. முகைதீன் பிச்சைக்கு அதன்பின் ஆட்டம் எதுவும் தரப்படவில்லை.