மூன்று பந்தையும் விட்டவன்

எண்பத்தாறாம் ஆண்டு எனக்கு டென்மார்க்கில், ஒடென்சே நகரத்து முதியோர் இல்லம் ஒன்றில் வேலை கிடைத்தது. அங்கே ஆக்செல் என்று தொண்ணூற்றைந்து வயதுக் கிழவர் ஒருவர். இளமையில் அமெரிக்காவில் சம்பளத்துக்குப் பேஸ்பால் எறிந்தவராம். இரண்டு பருவம் ஆடினார், தோள் போனது, கப்பலேறி ஊர் வந்துவிட்டார். இதை அவருடைய மகனே நம்பவில்லை. கண்ணை மூடுமுன் ஒருவனையாவது அவுட்டாக்கிக் காட்ட வேண்டும் என்று கிழவர் பிடிவாதமாக இருந்தார்.

பந்தடிக்கும் துடுப்பைப் பிடிக்கத் தெரிந்த ஆள் தேடினார்கள். நான் சும்மா இருந்திருக்கலாம். யாழ்ப்பாணத்தில் கல்லூரி கிரிக்கெட் அணியின் தொடக்க ஆட்டக்காரன் நான் என்று வாயைக் கொடுத்தேன். பெரிய தாதி என்னைத் தனியே கூப்பிட்டு, "பாவம், வேண்டுமென்றே தோற்றுவிடு" என்றார். லேசாகத் தூக்கியடித்து ஒரு பிடி கொடுத்தால் முடிந்தது என்று பெருந்தன்மையோடு தலையாட்டினேன். விதிகளை விசாரிக்கவில்லை. கல்லூரி ஆட்டக்காரனுக்கு எதற்கு விசாரணை?

ஞாயிறன்று தோட்டத்தில் எல்லோரும் கூடினார்கள். மகன்தான் நடுவர். அங்கே சமையலறையில் வேலைசெய்த என் மனைவி பவளராணியும் வாசலில் வந்து நின்றாள்.

"கவனமப்பா, கிழவரிட்டை அவுட்டாகிப் போடாதேங்கோ."

என் பெருந்தன்மை அந்த இடத்திலேயே பறந்தது.

கிழவர் சக்கர நாற்காலியிலிருந்து எழுந்து எறிந்தார். பந்து நெஞ்சளவில் மெதுவாக வந்தது. ஸ்டம்புக்கு வராத பந்தைத் தொடக்க ஆட்டக்காரன் தொடமாட்டான். ஸ்டம்பே இல்லாத தோட்டத்தில் எதைத் தொடுவது? துடுப்பை உயர்த்தி அழகாக விட்டேன். இரண்டாவதையும் விட்டேன். மூன்றாவதை நான் விட்ட அழகுக்குப் புகைப்படமே எடுத்திருக்கலாம்.

"அவுட்" என்றான் மகன்.

"நான் பந்தைத் தொடவேயில்லையே."

"அதனால்தான். அடிக்கக்கூடிய பந்தை மூன்று தரம் சும்மா விட்டால் அவுட். அப்பா ஆயிரம் தரம் சொல்லியிருக்கிறார்."

பவளராணி வாயைப் பொத்திக்கொண்டு உள்ளே ஓடினாள். கிழவர் மட்டும் சிரிக்கவில்லை. என்னைக் கிட்டக் கூப்பிட்டார்.

"உண்மையைச் சொல். இரக்கப்பட்டு விட்டாயா?"

"இல்லை. அவுட்டாகக் கூடாதென்று உயிரைக் கொடுத்து நின்றேன்."

என் முகத்தை நெடுநேரம் பார்த்தார். அதில் வழிந்த அவமானம் அவருக்குப் போதுமாக இருந்தது. மகனைக் கட்டிக்கொண்டு அழுதார், மகனும் அழுதான்.

பெரிய தாதி என் முதுகில் தட்டினார்.

"எவ்வளவு நன்றாகப் பொய் சொல்கிறாய்."