துண்டைக் கழற்றாத டாக்டர்

அந்த வருடம் நான் கூரியர் அலுவலகத்தில் பார்சல்களுக்கு முகவரி ஒட்டிக்கொண்டிருந்தேன். யாராவது என்ன வேலை என்று கேட்டால் மட்டும், "நகைச்சுவைக் கலைஞன்" என்பேன். கேட்டவர்கள் சிரித்தார்கள். அதுவரை நான் யாரையாவது சிரிக்கவைத்தது அந்த ஒரு பதிலால்தான்.

ஆறு காமெடி வீடியோக்களை இணையத்தில் போட்டிருந்தேன். ஆறாவது நாற்பத்தொரு தடவை ஓடியிருந்தது. அதில் முப்பது தடவை பார்த்தவன் நான்.

ஏழாவதில் டாக்டரும் நானே, நோயாளியும் நானே. நோயாளிக்குத் தலையில் துண்டு, டாக்டருக்குக் கண்ணாடி. அக்கா செல்போனைப் பிடித்தாள். பல் ஆஸ்பத்திரியில் வேலை பார்ப்பவள்; கை நடுங்காது, வாய் சும்மா இருக்காது.

"டேய், டாக்டர் தலையில துண்டு இருக்குடா."

"அப்புறம் வெட்டிக்கலாம்க்கா, நீ பேசாம பிடி."

"இதுல சிரிப்பு எங்க வருதுன்னு மட்டும் சொல்லு. அந்த இடத்துல ஆட்டாம பிடிக்கிறேன்."

கோபத்தில், நோயாளி இருமவேண்டிய இடத்தில் டாக்டராக இருமினேன்.

போடும்போது கைதவறி வெட்டாத வீடியோவைப் போட்டுவிட்டேன். அது தெரியாமலே மறுநாள் வேலைக்குப் போனேன். மேனேஜர் என்னைக் கண்டதும் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். ஒருவழியாகக் கலைக்கு மரியாதை கிடைத்ததென்று தலைகுனிந்து நின்றேன்.

"பின்னாடி பேசறவங்க யாருப்பா? சிரிச்சு சிரிச்சு வயிறு வலிக்குது! நீ திருதிருன்னு முழிக்கிறியே, அதுவும் நல்லாத்தான் இருக்கு."

"அது நடிப்பு சார்."

மாலைக்குள் எண்பதாயிரம் பேர் பார்த்துவிட்டார்கள். வீடியோவுக்குக் கீழே கருத்து எழுதிய எல்லாரும் அக்காவைக் கொண்டாடியிருந்தார்கள். ஒருவர் மட்டும் என் பக்கம் வந்து, அந்தத் துண்டு எந்தக் கடையில் வாங்கியது என்று கேட்டிருந்தார்.

பொறாமையில் வீடியோவை அழித்துவிடத்தான் போனேன். அழிக்குமுன் ஒருமுறை பார்த்தேன். பாழாய்ப்போன சிரிப்பு எனக்கும் வந்துவிட்டது.

"இனிமே நீயும் சேர்ந்து பண்ணுக்கா" என்றேன்.

"மூஞ்சியக் காட்டமாட்டேன். நீ எழுதறதயும் பேசமாட்டேன்."

"அப்ப நான் என்னதான் எழுதறது?"

"சீரியஸா ஏதாவது எழுது. மிச்சத்த நான் பாத்துக்கறேன்."

உருகி உருகி ஒரு காதல் காட்சி எழுதினேன். நான்காவது வரியில் அக்கா வாயைத் திறந்தாள். இரண்டு லட்சம் பேர் பார்த்தார்கள்.

எட்டு மாதம் கழித்து வேலையை விட்டேன். கடிதத்தைப் படித்த மேனேஜர் கேட்டார்: "அக்காவும் வேலைய விடறாங்களா?"

"இல்ல சார்."

"விவரமானவங்க" என்று கையெழுத்துப் போட்டார்.