மிதந்த முட்டை

1

இந்தக் கதை ஒரு போன் அழைப்பில் பிறந்தது. போனை எடுத்தது யார் என்பதில்தான் எனக்குக் குழப்பம். தைரியம் வந்தால் சொல்கிறேன். முதலில் இப்படித் தொடங்கினேன்:

"கரியாஹாட் சந்தையின் காலை வெயிலில் ஒரு முட்டை பொன்போல..."

சீச்சீ! முட்டை முட்டைபோலத்தான் இருக்கும். அடித்துவிட்டேன்.

2

டாலிகஞ்சில் ராஜலக்ஷ்மி. வயது அறுபத்திரண்டு. அவள் குடும்பத்தில் ஏழு தலைமுறையாக முட்டை வீட்டுக்குள் நுழைந்ததில்லை. (ஏழு என்று யார் எண்ணினார்கள்? நானேதான்.) கணவர் ஸ்ரீனிவாசராகவனுக்குக் காசநோய். மருந்து வேலை செய்கிறது, உடம்புதான் தேறவில்லை. எலும்பும் தோலுமாக ஆகிவிட்டார். முட்டை கொடுத்தே ஆகவேண்டும் என்று டாக்டர் சொல்லி ஒரு மாதம் ஆயிற்று. அன்றே மூன்று முட்டை வாங்கினாள். தயிர் இருக்கும் ஃப்ரிட்ஜில் அவற்றை வைக்க மனம் வராமல், பால்கனியில் செருப்பு அலமாரி மேல் ஒரு கிண்ணத்தில் வைத்தாள். அவர் வாயைத் திறந்தால்தானே!

இன்று காலை திறந்தார்.

"ஒரே ஒரு தடவை, ராஜி. நாத்தம் அடிச்சுதோ, அப்பறம் இந்தப் பேச்சையே எடுக்கப்படாது."

அவளுக்குச் சந்தோஷத்தில் அழுகையே வந்துவிட்டது. சேதி கேட்ட பக்கத்து வீட்டு வங்காளி அக்கா, ஷர்மிளா தீதி, தன் பங்குக்குப் புது முட்டை மூன்றைக் கொண்டுவந்து அதே கிண்ணத்தில் போட்டுவிட்டாள். ஆறும் ஒரே வெள்ளை. எது பழசு, எது புதுசு? "ஜொலே தியே தேக்கோ", தண்ணீரில் போட்டுப் பார் என்று சொல்லிவிட்டு, அலிப்பூர் ஆபீசுக்கு நேரமாகிவிட்டதென்று ஓடினாள்.

3

போட்டாள். மூன்று மூழ்கின, மூன்று மிதந்தன. இதில் எது நல்லது?

(வாசகரே, உங்களுக்குத் தெரிந்திருக்கும். கத்தாதீர்கள், அவள் காதில் விழாது.)

நாற்பது வருஷமாக உளுந்து அரைக்கிறவள். வடை மாவைத் துளி கிள்ளித் தண்ணீரில் போடுவாள். மிதந்தால் பதம், மூழ்கினால் இன்னும் அரைக்கணும். ஆனாலும் சந்தேகம். போன் போட்டாள்.

4

போனை எடுத்தது நாத்தனார் மகள் சாய்பிரியா என்று எழுதினேன். அவள் நர்சிங் படித்தவள், தப்பாகச் சொல்லமாட்டாள். பிறகு, ஊரில் ஒரு சித்தப்பா என்று...

சரி. நான்தான் எடுத்தேன். பெங்களூரில் இருக்கும் மகன். ஹோட்டலில் ஆம்லெட்டை வெளுத்துக்கட்டுவேன். ஒரு பச்சை முட்டையைக் கையால் தொட்டதில்லை. மீட்டிங்குக்கு நடுவில் இருந்தேன்.

"வடை மாவு மாதிரிதானேடா, சிவராமா?"

"ஆமாம்மா, மிதக்கறதை எடு."

மூழ்கிய மூன்றையும் குப்பையில் போட்டாள்.

5

முடிவு ஒன்று: ஷர்மிளா தீதி மறந்துவைத்த குடைக்காகத் திரும்பி வந்து... (குடையா? மழையே இல்லையே.)

முடிவு இரண்டு: மிதக்கிற முட்டையும் சில சமயம் நன்றாகவே இருக்குமாம். இந்த ஒரு வரியை எத்தனை இடத்தில் தேடிப் படித்தேன் தெரியுமா?

நடந்தது எனக்குத் தெரியும். எழுதத்தான் கை வரவில்லை. அதனால் கதையில் முட்டை இப்போதுதான் வெந்திருக்கிறது. அப்பா கை அலம்பிவிட்டு மேஜை முன்னால் உட்கார்ந்துவிட்டார். "ஆயிடுத்தா, ராஜி?" என்கிறார். அம்மா ஓட்டைத் தட்டக் கரண்டியை எடுக்கிறாள்.

மேலே கத்தாதீர்கள் என்றேனே, அதை அடித்துவிட்டேன். கத்துங்கள்.