தெர்சுக்குத் தடவிய வெண்ணெய்

திட்டினால்தான் மிதக்கும் கல்லைக் கட்டிக்கொண்டு பிழைக்கிறவளுக்குத் தொண்டை எப்படி இருக்கும்? ஜிபாருக்கு வாரத்தில் நாலு நாள் கஞ்சிகூட இறங்காது.

கர்கோல் பள்ளத்தின் குறுக்கே எந்தப் பாலமும் நிலைத்ததில்லை. காற்று பிய்த்து எறிந்துவிடும். அக்கரைக்குப் போக ஒரே வழி தெர்சுக் கல்லில் குடைந்த படகு. தெர்சுக்கு நல்ல வார்த்தை ஆகாது. கேட்டால் கனத்துப்போய் மண்ணுக்குள் உட்கார்ந்துவிடும். வசவு விழுந்தால் ரோஷம் வந்து அந்தரத்தில் எழும்பும். அதையும் மனசாரத் திட்ட வேண்டும், ஒப்புக்குத் திட்டினால் அசையாது. ஊரிலேயே பெரிய வாய் இவளுக்குத்தான் என்று படகை ஜிபாரிடம் கொடுத்தார்கள். அது பெருமையா சிறுமையா என்று அவளுக்கு இன்றுவரை விளங்கவில்லை.

முன்பெல்லாம் ரெண்டு வசவில் எழும்பிய படகு, இந்த ரெண்டு வருஷமாகச் சண்டித்தனம் பண்ணியது. அன்றைக்கு அடியோடு படுத்துவிட்டது. அன்றைக்கென்று பார்த்துத்தான் அவள் நாத்தனார் அனாராவுக்கு வலி எடுத்திருந்தது. பிள்ளை வயிற்றில் குறுக்கே கிடந்தது. அதைத் திருப்பத் தெரிந்த மருத்துவச்சி அக்கரையில் இருந்தாள். கம்பளத்தோடு தூக்கி வந்து படகில் கிடத்தி, பொழுது உச்சிக்கு வந்தாயிற்று.

"தண்டக் கல்லே, பள்ளத்துல உருண்டு போறதுக்கும் லாயக்கில்லாத கல்லே, எழுந்திரு."

கல் அசையவில்லை. அவள் அந்தக் கல்லின் வம்சத்தை, அது பிறந்த மலையை, அந்த மலைக்குப் பிறந்த மற்ற மலைகளை எல்லாம் இழுத்துப் பார்த்தாள். எல்லாம் பழைய வசவு. ஆத்திரத்தில் படகின் அடிப்பக்கத்தைப் பிடித்துத் தள்ளினாள். கை வழுக்கியது. மோந்து பார்த்தாள். அவள் வீட்டுப் பானை வெண்ணெய்.

திரும்பிப் புருஷனைப் பார்த்தாள். எசென் தன் பூட்ஸைப் பார்த்தான்.

"என்னய்யா இது?"

"வெண்ணெய்."

"அது தெரியுது. இங்க எப்படி வந்துச்சு?"

"பொழுது சாயறப்ப கொஞ்சம் தடவிவிடுவேன். நாள் பூரா உன் வாயில அடிபடுது, பாவம். நம்ம வழக்கத்துல அடுப்புக்கு நன்றி சொல்றோம், குதிரைக்கு நன்றி சொல்றோம். இதுக்கு மட்டும் யாருமே சொல்லலன்னா அது மனசு நோகாதா?"

"என்ன சொல்லுவ?"

"நல்லா உழைச்ச, கண்ணு. நீ இல்லாட்டி எங்க பொழப்பு ஏதுன்னு…"

படகு இன்னும் ஒரு சாண் இறங்கியது.

"அண்ணே," என்று பல்லைக் கடித்தாள் அனாரா. "உனக்குப் புண்ணியமாப் போகும், வாய மூடு."

"எத்தனை நாளா?" என்றாள் ஜிபார்.

"நமக்குக் கல்யாணம் ஆனதுலேருந்து."

ரெண்டு வருஷம். தன் நாக்குதான் மழுங்கிவிட்டது என்று எண்ணி, விடியற்காலையில் எழுந்து ஆட்டுக்கொழுப்புக் கஷாயம் குடித்துவிட்டுக் கத்தியதெல்லாம் அவளுக்கு ஞாபகம் வந்தது. அவனை ஒரு மூச்சுத் திட்டித் தீர்த்தாள். அவனைத் திட்டினால் கல்லுக்கென்ன வந்தது, அது பாட்டுக்குக் கிடந்தது. அனாராவின் முனகல் மெலிந்துகொண்டே வந்தது. இந்தப் பெண் இங்கேயே போய்விட்டால்?

ஜிபார் படகின் முன்னால் போய் மண்டியிட்டாள். இந்தத் தடவை கத்தவில்லை.

"இந்த ஆளுக்கு ரெண்டு வருஷமா ஆக்கிப் போடறேன். தொண்டையில ரத்தம் வரக் கத்தறேன். ஒரு நாள், ஒரே ஒரு நாள், 'நல்லா உழைச்ச, கண்ணு'ன்னு எங்கிட்ட சொன்னதில்ல. அந்த மனுஷன் வாயில அப்படி ஒரு வார்த்தை இருக்குன்னே எனக்கு இன்னிக்குத்தான் தெரியும். என் பங்கையெல்லாம் நீ தின்னுட்டு, என் வெண்ணெயையும் பூசிக்கிட்டு, மினுக்கிக்கிட்டு உக்காந்திருக்கியா? சக்களத்தி. எழுந்திருடி."

படகு எழும்பிய வேகத்தில் எசென் விளிம்பைப் பிடித்துத் தொங்கிக்கொண்டுதான் பாதி தூரம் வந்தான்.

அக்கரையில் மருத்துவச்சி அனாராவை உள்ளே தூக்கிப் போய் வெகுநேரம் கழித்துப் பிள்ளை அழுதது. தாயும் பிழைத்தாள். ஜிபார் படகோரம் உட்கார்ந்திருந்தாள். குரல் சுத்தமாகப் போயிருந்தது. எசென் மருத்துவச்சி வீட்டில் ஒரு கிண்ணம் உப்புத் தேநீர் வாங்கி, மடியில் மிச்சமிருந்த வெண்ணெயை அதில் கரைத்துக் கொண்டுவந்து அவள் கையில் கொடுத்தான். பக்கத்தில் உட்கார்ந்தான்.

"ஜிபாரு, இன்னிக்கு நீ மட்டும் இல்லாட்டி…"

அவள் சட்டென்று அவன் வாயைப் பொத்தினாள்.

"இப்ப சொல்லாதய்யா." காற்றுதான் வந்தது. "பிள்ளையையும் தாயையும் ஊர் கொண்டுபோய்ச் சேக்கணும். கோவம் போயிடுச்சுன்னா நான் எதை வச்சு இதைக் கிளப்புவேன்? வீட்டுக்குப் போயிச் சொல்லு."

அவன் தலையாட்டினான்.

"மறந்துடாத," என்றாள்.