எவெர்ட் இறங்கிப் பார்த்த தீவு

எவெர்ட் ஓய்வு பெற்று நாலு மாதம்கூட ஆகவில்லை. அதற்குள் அவர் மனைவி பார்ப்ரோவுக்குப் போதும் போதும் என்றாகிவிட்டது. முப்பத்துநாலு வருஷம் கோதன்பர்க் நகரின் தெற்குத் தீவுகளுக்குப் பயணிகள் படகு ஓட்டிய மனிதருக்கு, வீட்டில் சும்மா இருக்கத் தெரியவில்லை. சமையலறை அலமாரியைக் காலி செய்து டம்ளர்களை உயரவாரியாக அடுக்கினார். பார்ப்ரோ குளிக்கப் போனால் எத்தனை நிமிஷம் ஆகும் என்று கதவுக்கு வெளியே நின்று கேட்டார். ஆகஸ்ட் கடைசியில் ஒரு வியாழக்கிழமை காலை, அவள் காபிக் கோப்பையை நகர்த்திவிட்டு ஒரு தாளை அவர் முன்னால் வைத்தாள்.

"என்ன இது?"

"டிக்கெட். சனிக்கிழமை அரை நாள் தீவுச் சுற்றுலா. வழிகாட்டி கூட வருவா. நடக்கணும். மத்தியானம் இறால் சாண்ட்விச் உண்டு."

"எந்தத் தீவு?"

"ஸ்டிர்ஸோ, அப்புறம் வ்ரோங்கோ."

எவெர்ட் சிரித்துவிட்டார். "அடியேய், அந்த வழியை நான் கண்ணை மூடிட்டே ஓட்டுவேன்."

"அப்போ ஒரு தடவை கண்ணைத் திறந்துட்டுப் போ. ஸ்டிர்ஸோல சர்ச் எங்க இருக்கு, சொல்லு பாப்போம்?"

எவெர்ட் சர்ச் கோபுரத்தைக் கடலிலிருந்து ஆயிரம் தடவை பார்த்திருக்கிறார். எந்தத் தெருவில் இருக்கிறது என்று கேட்டால் தெரியாது. ஒரு தீவில் படகு நின்றால் மூன்று நிமிஷம், கூட்டம் அதிகமென்றால் நாலு. அதற்குள் ஆள் இறங்கணும், ஏறணும், கயிறு அவிழ்க்கணும். விடுமுறை நாள் வந்தால் தண்ணீரே கண்ணில் படாத இடத்துக்குத்தான் போகத் தோன்றும். ஆக, அத்தனை வருஷத்தில் எந்தத் தீவிலும் படகுத்துறையின் கடைசிப் பலகையைத் தாண்டி அவர் கால் வைத்ததில்லை. இதை அவர் யாரிடமும் சொன்னதில்லை. பார்ப்ரோவுக்கு மட்டும் எப்படியோ தெரிந்திருந்தது.

சனிக்கிழமை காலை டிராம் பிடித்து சால்ட்ஹோல்மென் துறைக்கு வந்தார். வழிகாட்டி ஹில்லெவி மஞ்சள் தொப்பி போட்டுக்கொண்டு நின்றாள். நாற்பது வயதிருக்கும். வார நாட்களில் பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சர். குழுவில் மொத்தம் எட்டுப் பேர். பூரோஸ் ஊரிலிருந்து வந்த இரண்டு அக்கா தங்கைகள், மால்மோவிலிருந்து வந்த தோர்கெல் என்ற பல் டாக்டர், மற்றவர்கள் உள்ளூர் ஓய்வூதியக்காரர்கள். "எவெர்ட், பக்கத்து ஊர்தான்," என்று மட்டும் சொல்லி எவெர்ட் ஓரமாக நின்றுகொண்டார்.

அந்த மறைப்பு கால் மணி நேரம்கூடத் தாங்கவில்லை. படகு துறையை விட்டு விலகியதும் ஒலிபெருக்கி கரகரத்தது.

"பயணிகள் கவனத்துக்கு. இன்னைக்கு நம்ம கூட கேப்டன் எவெர்ட் வர்றாரு. யாரும் பயப்பட வேண்டாம், ஓட்டுறது நான்தான்."

மெல்கெர். இருபது வயதில் எவெர்ட்டிடம் கயிறு போடும் ஆளாக வந்தவன், இப்போது அவனே கேப்டன். படகே திரும்பிப் பார்த்துச் சிரித்தது. எவெர்ட்டின் காது மடல் சிவந்துபோயிற்று. ஆனால் அக்கா தங்கைகள் இருவரும் ஆளுக்கொரு பக்கம் வந்து உட்கார்ந்து, "அது என்ன பாறை? அந்த விளக்கு எதுக்கு?" என்று கேட்கத் தொடங்கியபோது அவருக்கு அது பிடிக்காமலும் இல்லை.

ஸ்டிர்ஸோவில் சர்ச்சைக் கண்டுபிடித்தார். துறையிலிருந்து மேட்டில் ஏறி, ஆப்பிள் கிளைகள் வேலிக்கு வெளியே தொங்கும் சந்துக்குள் திரும்பினால் வந்துவிடுகிறது. கார் கிடையாது. முன்னால் பலகை வைத்த மூன்று சக்கர மொபெட்டில் ஒரு பெண் தன் மாமியாரையும் உருளைக்கிழங்கு மூட்டையையும் ஒன்றாக உட்காரவைத்து ஓட்டிக்கொண்டு போனாள். மாமியார் ராணிபோலத் தலையை அசைத்தாள். எவெர்ட் நின்று பார்த்தார். இந்த மூட்டைகளும் மாமியார்களும் அவர் படகில்தான் வந்திருப்பார்கள். இறங்கிய பிறகு எங்கே போகிறார்கள் என்று அவர் யோசித்ததே இல்லை.

அடுத்த படகில் வ்ரோங்கோ. தெற்குக் கோடியில் பாறைகள் வழவழவென்று கடலுக்குள் சரிந்து இறங்கின. ஊதாப் பூப்புதர்களுக்கு நடுவே உட்கார்ந்து சாண்ட்விச் சாப்பிட்டார்கள். வெயில் இதமாக இருந்தது. தங்கை குளிக்கணும் என்றாள். ஹில்லெவி கைக்கடிகாரத்தைப் பார்த்தாள்.

"பன்னிரண்டு நாற்பதுக்குப் படகு. இப்பவே கிளம்பினாத்தான் சரியா இருக்கும்."

"சனிக்கிழமையா? பன்னிரண்டு ஐம்பத்தஞ்சு," என்றார் எவெர்ட். "நானே ஓட்டியிருக்கேன்மா. தாராளமாக் குளிக்கலாம்."

ஹில்லெவி தயங்கினாள். குழு முழுக்க கேப்டனைப் பார்த்தது. அக்காவும் தங்கையும் அதற்குள் சட்டைப் பொத்தானை அவிழ்க்க ஆரம்பித்துவிட்டார்கள்.

அவர்கள் ஈரத் தலையோடு துறைக்குக் கடைசித் திருப்பத்தில் வரும்போது, படகு கயிறு அவிழ்த்து, பத்தடி தள்ளிப் போயிருந்தது. மெல்கெர் ஜன்னல் வழியே இரண்டு கைகளையும் விரித்துக் காட்டினான். ஒரு தடவை ஹாரன் அடித்துவிட்டுப் போயே போய்விட்டான். துறைப் பலகையில் புது அட்டவணை ஒட்டியிருந்தது. பள்ளிக்கூடம் திறந்த வாரத்திலிருந்து நேரம் மாறியிருக்கிறது. வருஷா வருஷம் மாறுவதுதான். எவெர்ட்டே அதை எத்தனையோ தடவை ஒட்டியிருக்கிறார்.

"அடுத்தது எப்போ?" என்றார் தோர்கெல்.

"ரெண்டு ஐம்பதுக்கு," என்றாள் ஹில்லெவி.

"எனக்கு மூணு மணிக்கு ரயில். நாளைக்கு எம் பொண்ணுக்குக் கல்யாணம். இன்னைக்கு ராத்திரி பெண் வீட்டு விருந்து, நான் பேசியாகணும்." அவர் எவெர்ட் பக்கம் திரும்பினார். "கேப்டனாம் கேப்டன். உங்க நாற்காலிக்கு வேற ஆள் வந்தாச்சுன்னு உங்களுக்கு யாரும் சொல்லலையா?"

எவெர்ட் புது அட்டவணையை இன்னொரு தடவை படித்துப் பார்த்தார். ஹில்லெவி, "தப்பு என்னோடதும்தான். தாள்ல பாத்தும் நான் விட்டுக்கொடுத்துட்டேன்," என்றாள். அது அவரை இன்னும் குன்றவைத்தது.

துறைக்கு நேர் எதிரே முதல் வீடு, வெள்ளைப் பலகை வீடு. அந்த வீட்டு ஜன்னலில் ஒரு பெண் நிற்பதை அவர் இருபது வருஷமாகப் பார்த்திருக்கிறார். அநேகமாக ஒவ்வொரு சனிக்கிழமையும் அவரது படகு வரும்போது அவள் கையை அகலமாக ஆட்டுவாள். அவரும் ஹாரனைச் சின்னதாக ஒரு தட்டு தட்டுவார். தீவில் அவருக்குத் தெரிந்த ஒரே ஆள் அவள்தான், பெயர் தெரியாவிட்டாலும். எவெர்ட் போய்க் கதவைத் தட்டினார்.

எழுபதை நெருங்கும் பெண்மணி திறந்தாள். இடது கை தோளோடு துணியில் கட்டித் தொங்கியது.

"வணக்கம். நான் எவெர்ட். படகு கேப்டன். நீங்க எப்பவும் எனக்குக் கை காட்டுவீங்களே..."

"நானா? உங்களுக்கா?"

"ஜன்னல்ல நின்னு. சனிக்கிழமை சனிக்கிழமை."

அவள் அவரை மேலும் கீழும் பார்த்தாள். பிறகு வாய்விட்டுச் சிரித்தாள். சிரிப்பில் தோள் வலித்து முனகினாள், திரும்பவும் சிரித்தாள். "சனிக்கிழமை நான் ஜன்னல் துடைக்கிற நாள்ப்பா! உப்புக் காத்து, கண்ணாடி பூரா வெள்ளையாகிடும். ஒவ்வொரு தடவையும் சொல்லிவச்ச மாதிரி ஹாரன் அடிச்சு என் பூனையை மிரட்டுறது எவன்னு இருபது வருஷமாத் திட்டிக்கிட்டு இருக்கேன். நீங்கதானா அது!"

எவெர்ட்டுக்கும் சிரிப்பு வந்துவிட்டது. படகைத் தவறவிட்டதையும் தோர்கெலின் மூணு மணி ரயிலையும் சொன்னார். அவள் பெயர் சிங்னே. நண்டு பிடிக்கக் கடலில் கூடு போடுகிறவள். வீட்டுக்குப் பின்னால் அவளுடைய படகு கட்டியிருந்தது.

"பக்கத்துத் தீவு டோன்ஸோவுக்கு அவரைக் கொண்டுபோய் விட்டுட்டா, அங்கேருந்து ஒண்ணேகாலுக்கு வேற படகு இருக்கு. ஏணியிலேருந்து விழுந்து தோள் போச்சு, என்னால ஓட்ட முடியாது. நீங்க ஓட்டுவீங்களா?"

"முந்நூறு பேர் ஏறுற படகையே ஓட்டினவன் நான்."

"அதைக் கேக்கலை. இதை ஓட்டுவீங்களா?"

கேள்வி நியாயமானதுதான் என்பது மூன்றாவது நிமிஷத்தில் தெரிந்தது. பதினாறடிப் படகு, ஏறியது எவெர்ட், சிங்னே, தோர்கெல் மூவர் மட்டும். பின்னால் உட்கார்ந்து கைப்பிடியைப் பிடித்துத் திருப்ப வேண்டும். வலது பக்கம் தள்ளினால் படகு இடது பக்கம் போகும். எவெர்ட் இரண்டு தடவை மாற்றித் திருப்பினார். தண்ணீர் எழும்பித் தோர்கெலின் மடியில் விழுந்தது. முன்பக்கம் அவரைப் பார்த்து உட்கார்ந்த சிங்னே, நல்ல கையை நீட்டி உத்தரவு போட்டாள்.

"இடது! உங்க இடது இல்லை, என் இடது! அந்தப் பாறையைப் பாக்குறீங்களா? பாக்குறதோட நிறுத்திக்கோங்க, அது மேல ஏற வேண்டாம்!"

"சரிங்க," என்றார் எவெர்ட். இந்தக் கடலில் யாருக்கும் அவர் 'சரிங்க' சொல்லி முப்பது வருஷம் இருக்கும்.

தோர்கெல் நனைந்த கால்சட்டையைப் பிழிந்தார். முகம் இன்னும் இறுக்கமாகத்தான் இருந்தது. கொஞ்ச நேரம் கழித்து, "விருந்துல என்ன பேசுறதுன்னே எனக்கு இதுவரைக்கும் தெரியலை," என்றார், கடலைப் பார்த்தபடி. "மூணு வாரமா எழுதிக் கிழிச்சுப் போடுறேன்."

"உங்க பொண்ணு எப்படிப்பட்ட பொண்ணு?" என்று கேட்டாள் சிங்னே.

அவர் சொல்லத் தொடங்கினார். நாலு வயதில் அவருடைய சைக்கிள் மணியைக் கழற்றி நாய்க்குக் கட்டியது, பதினாறு வயதில் அவரோடு எட்டு மாதம் பேசாமல் இருந்தது, பேச ஆரம்பித்த நாளில் முதலில் அப்பாவின் சட்டை கண்றாவியாக இருக்கிறது என்று சொன்னது. சொல்லச் சொல்ல அவர் குரல் மாறிக்கொண்டே வந்தது. டோன்ஸோ வரும்வரை பாறையைக்கூட சிங்னே கையால்தான் காட்டினாள்.

"இதையே பேசுங்க," என்றாள் சிங்னே, துறை நெருங்கும்போது. "ஒண்ணும் எழுத வேண்டாம்."

எவெர்ட் படகைத் துறைச் சுவரில் லேசாக இடித்துத்தான் நிறுத்தினார். தோர்கெல் மேலே ஏறி, திரும்பிக் குனிந்து கை நீட்டினார். "நான் சொன்னது கொஞ்சம் அதிகம்."

"சொன்னது சரிதான். கல்யாணம் நல்லா நடக்கட்டும்."

ஒன்றேகால் படகு தூரத்தில் வந்துகொண்டிருந்தது. தோர்கெல் வரிசையில் போய் நின்றார்.

திரும்பும்போது சிங்னே பாதி வழியில் இயந்திரத்தை நிறுத்தச் சொன்னாள். ஆரஞ்சு நிற மிதவைகள் வரிசையாக ஆடின. ஒவ்வொன்றின் அடியிலும், பத்து நாளாக இழுக்க ஆள் இல்லாமல் கிடக்கும் கூடுகள். "ஒண்ணே ஒண்ணு இழுத்துப் பாருங்களேன்," என்றாள். எவெர்ட் கயிற்றைப் பிடித்தார். கயிறு அவர் கைக்குப் பழக்கமானதுதான், ஆனால் இத்தனை வருஷம் அதன் மறுமுனையில் படகுத்துறைக் கம்பம்தான் இருந்தது. இப்போது பாசியும் பாரமுமாக ஏதோ மேலே வந்தது. கூட்டுக்குள் ஐந்து பழுப்பு நண்டுகள், ஒன்று இரண்டு உள்ளங்கை அகலம்.

"அடேயப்பா," என்றார்.

"பின்பக்கமாப் பிடிங்க. விரலைக் கேட்டு வாங்கிக்கும்."

ஒன்று என்று ஆரம்பித்து ஒன்பது கூடு இழுத்தார்கள். வ்ரோங்கோ துறையில் ஹில்லெவியும் மற்றவர்களும் காத்திருந்தார்கள். யாரும் கோபமாக இல்லை. தங்கை மூன்றாம் முறை குளித்துவிட்டு வெயிலில் படுத்திருந்தாள். அக்கா கடையிலிருந்து இலவங்கப்பட்டை ரொட்டி வாங்கி வந்திருந்தாள். ஹில்லெவி தொப்பியை முகத்தின் மேல் போட்டுத் தூங்கியே போயிருந்தாள். பிறகு எழுந்து நண்டு வாளியைப் பார்த்து, "இது நம்ம நிகழ்ச்சி நிரல்லயே இல்லையே," என்றாள்.

சிங்னே தன் வீட்டு முற்றத்தில் பெரிய பானையில் கடல் தண்ணீரையே கொதிக்கவைத்தாள், சோம்புபோல மணக்கும் பச்சைத்தழையை ஒரு பிடி அள்ளிப் போட்டாள். ரெண்டு ஐம்பது படகு வந்தது. ஹில்லெவி குழுவைப் பார்த்தாள். குழு பானையைப் பார்த்தது.

"சுற்றுலா அதிகாரபூர்வமா முடிஞ்சது," என்று அறிவித்தாள் ஹில்லெவி. "போறவங்க போகலாம்."

யாரும் எழவில்லை. படகு மூன்று நிமிஷம் நின்றது. எவெர்ட் கல்லில் உட்கார்ந்து நண்டுக் காலை உடைத்துக்கொண்டே பார்த்தார். ஆட்கள் இறங்கினார்கள், ஏறினார்கள், கயிறு அவிழ்ந்தது. இங்கிருந்து பார்க்க அது சின்னதாக, சுத்தமாக, அழகாக இருந்தது. அவர் விரலெல்லாம் உப்பும் நண்டுச் சாறும் வழிந்தது. சிங்னே இன்னொரு நண்டை அவர் தட்டில் போட்டாள். வேண்டாமென்று சொல்ல அவருக்குத் தோன்றவில்லை.