எல்சி-ரே என்றால் என்ன?

இங்கிலாந்தின் மீன்பிடி ஊரான கிரிம்ஸ்பியில் மூன்றாம் வகுப்பு படிக்கும் எல்சி-ரேயிடம், பெயரின் பொருளை எழுதி வரும்படி ஆசிரியை சொல்லியிருந்தார். மாலையில் அம்மா கிர்ஸ்டி கைபேசியில் தேடிப் படித்தாள்.

"எல்சின்னா எலிசபெத்தோட சுருக்கம். கடவுள் மேல சத்தியம்னு அர்த்தம். ரே, ரேச்சலோட சுருக்கமாம். அப்படின்னா... பெண் ஆடு!"

"பொருத்தமாத்தான் இருக்கு," என்றான் அப்பா டேரன். "காலையில எழுப்பினா மே-ன்னுதானே கத்துறா."

எல்சி-ரே முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டாள்.

"ஆடெல்லாம் இல்ல கண்ணு," என்று சமாதானப்படுத்தினான் டேரன். "நீ பிறந்த அன்னிக்கு நம்ம கார் நின்னுபோச்சு. எதிர்வீட்டு ரே மாமாதான் மீன் வண்டியில ஏத்தி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார். அதனால நான் ரேன்னு வைக்கணும்னேன், உங்கம்மா எல்சின்னு வைக்கணும்னு சொன்னா."

"நடுவுல எதுக்குக் கோடு?"

"அந்தச் சண்டையில ரெண்டு நாள் நாங்க பேசிக்கவே இல்ல. அதுதான் அந்தக் கோடு," என்றாள் கிர்ஸ்டி.

"ரே மாமாவுக்கு இது தெரியுமா?"

டேரன் தலையைச் சொறிந்தான். கூச்சத்தில் எட்டு வருடமாகச் சொல்லவே இல்லை.

எல்சி-ரே தெருவைத் தாண்டி ஓடிப்போய், கதவைத் தட்டி, எல்லாவற்றையும் ஒப்பித்தாள். கிழவர் ரே கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். வெகுநேரம் துடைத்தார்.

"எங்க, எழுதிக் காட்டு."

Elsie-Rae என்று ஆங்கிலத்தில் எழுதினாள்.

"தப்பாச்சே! என் பேருக்குக் கடைசி எழுத்து e இல்லடி, y."

"பொண்ணுங்களுக்கு இப்படித்தான் மாமா எழுதணும். உங்களுக்கு என்ன தெரியும்?"

"ஆமாமா, எனக்கென்ன தெரியும்," என்று அவர் அந்தக் காகிதத்தை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார்.